மெர்குஷியோ சாக மறுத்தால்? கார்மெலோ பேனேவின் கழித்தல் நாடகம்

ரோமியோ ஜூலியட் கதையில் மெர்குஷியோ என்று ஒருவன் வருவான். ரோமியோவின் நண்பன். ஓயாமல் பேசுவான், எல்லோரையும் சீண்டுவான், மூன்றாம் அங்கத்தில் வாள்குத்துப் பட்டுச் செத்துப்போவான். அதற்குப் பிறகு நாம் அவனை அதிகம் நினைப்பதில்லை. கதை ரோமியோவுடையது, அவன் பின்னால் போய்விடுகிறோம்.

1976-ல் இத்தாலியில் ஒரு நடிகர் இந்த நாடகத்தைக் கையில் எடுத்தார். காலத்தை மாற்றவில்லை, புதுக் கருத்து எதையும் ஏற்றவில்லை. ரோமியோவை ஓரங்கட்டினார். அதைச் செய்ததுமே மெர்குஷியோ வளரத் தொடங்கிவிட்டான். சாக வேண்டிய இடத்தில் அவன் சாகவில்லை. சாக மனமில்லாமல், சாகவும் முடியாமல் மேடையிலேயே கிடந்தான். ஷேக்ஸ்பியரில் விதையாக மட்டும் இருந்த ஒருவன் இங்கே முழு நாடகமாக முளைத்து நின்றான்.

அந்த நடிகரின் பெயர் கார்மெலோ பேனே. இத்தாலிய மொழியில் ‘பேனே’ என்றால் ‘நன்றாக’ என்று பொருள். கிறுக்கர், கலகக்காரர், கடவுள், மோசடிக்காரர் என்று அவரை எத்தனையோ விதமாகச் சொல்லியிருக்கிறார்கள். அவர் செய்த வேலைக்கு அடியில் ஓடும் எண்ணம் ஒன்றுதான்: கழித்தல். அதைப் பிடித்துக்கொண்டால் அவருடைய நாற்பதாண்டு வேலையையும் பின்தொடரலாம் என்பது என் அனுபவம். எனக்கு அது பிடிபடவே வெகுநாள் ஆனது. புதிதாக அவரிடம் வருகிறவர்களுக்கு அத்தனை நாள் ஆக வேண்டாமே என்றுதான் இதை எழுதுகிறேன்.

மல்லிகைச் செடியைக் கவாத்து செய்வதை நினைத்துப் பாருங்கள். நுனியை வெட்டிவிட்டால் செடி சும்மா இருக்காது. அதுவரை சத்தில்லாமல் ஒடுங்கிக் கிடந்த பக்கக் கிளைகள் தழைக்கும். பழைய நாடகத்தைப் புதிதாகப் போடுகிறவர்கள் வழக்கமாக எதையாவது சேர்ப்பார்கள்: நவீன உடை, இன்றைய அரசியல், புதிய விளக்கம். பேனே நுனியை வெட்டினார், மற்றது எப்படி வளர்கிறது என்று பார்த்தார்.

இனி ஆள் யார் என்று பார்க்கலாம். இத்தாலியின் வரைபடம் பூட்ஸ் காலணி மாதிரி இருக்கும் அல்லவா, அதன் குதிகாலில் இருப்பது சலென்தோ பகுதி. அங்கே லெச்சே நகரத்துக்குப் பக்கத்தில் கம்பி சலென்தினா என்ற ஊரில் 1937 செப்டம்பர் 1 அன்று பிறந்தார். குடும்பத்துக்குப் புகையிலைத் தொழில். சிறுவனாக இருந்தபோது தேவாலயத்தில் பூசைக்கு உதவும் வேலை பார்த்தார். பொருள் முழுதும் புரியாத லத்தீன் வரிகளை நாளும் கேட்டு, நாளும் சொல்லி வளர்ந்த பிள்ளை. ‘பொருளுக்கு முன்னால் ஒலி’ என்று பிற்காலத்தில் அவர் பிடிவாதம் பிடித்ததற்கு வேர் இங்கேதான் இருக்கிறது என்று நான் நம்புகிறேன்.

1957-ல் ரோமில் உள்ள தேசிய நாடகப் பள்ளியில் சேர்ந்தார். ஒரு வருடத்தில், இங்கே கற்க ஒன்றுமில்லை என்று வெளியேறினார். 1959-ல் பிரெஞ்சு எழுத்தாளர் ஆல்பெர் காம்யுவின் ‘கலிகுலா’ நாடகத்தில் நாயகனாக மேடையேறினார், அப்போது அவருக்கு 22 வயது. நாடகத்தைப் போட காம்யுவே அனுமதி தந்திருந்தார். அடுத்த சில மாதங்களில் காம்யு கார் விபத்தில் இறந்துபோனார்.

அப்புறம் ரோமின் திராஸ்தேவெரே பகுதியில் சின்னதாக ஓர் அரங்கத்தைத் தொடங்கி, அதற்குச் ‘சோதனைக்கூட அரங்கம்’ என்று பெயர் வைத்தார். அது அதிக நாள் நீடிக்கவில்லை. 1963-ல் ‘கிறிஸ்து 63’ என்ற நிகழ்ச்சியில் ஒரு நடிகர் மேடையிலிருந்து பார்வையாளர்கள் மேல் சிறுநீர் பெய்தார். முன்னால் உட்கார்ந்திருந்தவர்களில் அர்ஜென்டினா நாட்டுத் தூதரும் ஒருவர். போலீஸ் வந்தது, அரங்கம் மூடப்பட்டது. பேனேவைப் பற்றிப் பேச்செடுத்தாலே முதலில் இந்தக் கதையைத்தான் சொல்வார்கள். அதோடு நிறுத்தியும்விடுவார்கள். அவருடைய உண்மையான வேலை அந்தக் கதைக்குப் பின்னால் மறைந்துபோவதில் எனக்கு வருத்தம் உண்டு.

அவர் எதை எதிர்த்தார் என்பது புரிய அன்றைய இத்தாலிய நாடகத்தைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அங்கே இயக்குநர்களின் காலம் வந்தது. 1947-ல் மிலானில் தொடங்கிய பிக்கோலோ தியேத்ரோ என்ற அரங்கம், அதன் இயக்குநர் ஜோர்ஜோ ஸ்த்ரேலர், இன்னொரு பக்கம் லுகீனோ விஸ்கோந்தி. பெரிய கலைஞர்கள், அதில் சந்தேகமே இல்லை. அந்த முறையில் ஆசிரியர் எழுதுவார், இயக்குநர் அதற்குப் பொருள் சொல்வார், நடிகர் அந்தப் பொருளைக் கொண்டுபோய்ப் பார்வையாளரிடம் ஒப்படைப்பார். இதில் நடிகருடைய வேலை கடிதம் கொண்டுபோகிறவருடைய வேலை. உள்ளே இருப்பது அவருடையதாக இருக்காது.

பேனே இந்த வரிசை முழுவதையும் மறுத்தார். அச்சில் இருக்கும் நாடகம் ஏற்கெனவே முடிந்துபோன விஷயம், அதைத் திரும்பச் சொல்வதற்கு மேடை எதற்கு என்று கேட்டார். மேடை தனக்கான எழுத்தைத் தானே எழுத வேண்டும். குரல், வெளிச்சம், துணி, இசை, தடுமாற்றம், மௌனம் எல்லாம் அதில் எழுத்துகள். இதை அவர் ‘மேடை எழுத்து’ என்றார். 1966-ல் புதிய நாடகத்துக்கான அறிக்கை ஒன்று இத்தாலியில் வெளியானது. அதில் கையெழுத்துப் போட்டவர்களில் அவரும் ஒருவர். ஆனால் கூட்டமாக எதிலும் அவர் தங்கவில்லை. 1968-ன் மாணவர் எழுச்சி, அரசியல் நாடகக் குழுக்கள் எல்லாவற்றிடமிருந்தும் விலகியே நின்றார். எதிர்கலாச்சாரக்காரர் என்று அவரைச் சொல்லலாம், அந்த எதிர்கலாச்சாரத்துக்குள்ளும் அவர் தனி ஆள்தான்.

ஹாம்லெட்டை அவர் வாழ்நாள் முழுக்கத் திரும்பத் திரும்பப் போட்டார். மேடையில் பல முறை, சினிமாவில் ஒரு முறை. 1973-ல் வந்த அந்தப் படத்தின் தலைப்பே ‘ஒரு ஹாம்லெட் குறைவு’. பிரெஞ்சுக் கவிஞர் ஜூல் லாஃபோர்க் ஹாம்லெட்டை வைத்து எழுதிய கதை ஒன்று உண்டு. அதில் ஹாம்லெட்டுக்கு அப்பாவின் கொலைக்குப் பழிவாங்குவதில் நாட்டமே இல்லை, நாடகம் எழுதப் பாரிஸுக்குப் போக வேண்டும். பேனே அதையும் ஷேக்ஸ்பியரையும் கலந்தார். இதில் ஒரு காட்சி போதும், கழித்தல் என்றால் என்னவென்று கண்ணால் பார்த்துவிடலாம். ஹாம்லெட்டின் தனிமொழிகள் உலகப் புகழ் பெற்றவை. ஒவ்வொரு நடிகரும் அவற்றைப் பேசத்தான் அந்த வேடத்துக்கு ஏங்குவார். பேனேவின் ஹாம்லெட் அந்த வரிகள் எழுதிய தாளைத் தன் நண்பன் ஹொரேஷியோவிடம் நீட்டிவிடுகிறான். வேண்டுமானால் நீ படி என்பது போல. ஹொரேஷியோ படிக்கிறான். நாயகனிடமிருந்து அவனுடைய மிகப் பெரிய சொத்தைக் கழித்தாகிவிட்டது. மிச்சம் இருப்பவன் யார்? அதைத்தான் நாம் பார்க்கிறோம்.

1977-ல் ‘மூன்றாம் ரிச்சர்ட்’. இதில் கழித்தது இன்னும் துணிச்சலானது. அந்த நாடகம் முழுக்க மன்னர்கள், இளவரசர்கள், பிரபுக்கள். பேனே அவர்களை எல்லாம் எடுத்துவிட்டார். மேடையில் ரிச்சர்டும் பெண்களும் மட்டும்: தாய், பழைய ராணி மார்கரெட், எலிசபெத், லேடி ஆன், இன்னும் ஓரிருவர். ஷேக்ஸ்பியரின் ரிச்சர்ட் பிறவியிலேயே கூனன், அரியணைக்கு அலைகிறவன். இங்கே அவன் இழுப்பறைகளைத் திறந்து போலிக் கை, கூன் என்று ஒவ்வொன்றாக எடுத்து மாட்டிக்கொள்கிறான், வழுக்கி விழுகிறான், எழுகிறான். தன் கோணலைத் தானே கட்டிக்கொள்கிறான். அவன் கோணலாக ஆக ஆக எதிரே இருக்கும் லேடி ஆனின் மனம் மாறுகிறது. அவள் உடையைக் களைவதும் திரும்ப உடுத்துவதுமாக நிற்கிறாள். அரியணைச் சண்டை போனதும், ஆணுக்கும் பெண்களுக்கும் நடுவே நடக்கும் இன்னொரு போர் மேலே வந்துவிட்டது.

பிரெஞ்சுத் தத்துவவாதி ஜில் தெலூஸ் இதை வைத்து ஒரு கட்டுரை எழுதினார். மெர்குஷியோவைப் பற்றி நான் மேலே சொன்னதும் அதிலிருந்து தெரிந்துகொண்டதுதான். பேனேவின் நாடகப் பிரதியும் தெலூஸின் கட்டுரையும் சேர்ந்து 1978-ல் இத்தாலியிலும் 1979-ல் பிரான்சிலும் ஒரே புத்தகமாக வந்தன. கட்டுரையின் தலைப்பு ‘ஓர் அறிக்கை குறைவு’, பேனேவின் ஹாம்லெட் படத் தலைப்பையே திருப்பிச் சொல்கிறது. தெலூஸ் சொன்னதன் சாரத்தை எளிமையாகச் சொன்னால் இப்படி வரும்: பேனே கண்டதையும் கழிக்கவில்லை, அதிகாரத்தின் உறுப்புகளையே பார்த்துக் கழிக்கிறார். மன்னன் ஓர் அதிகாரம். ஆசிரியர் எழுதிவைத்த வரியும் நடிகனுக்கு மேல் ஓர் அதிகாரம். கதை இப்படித்தான் முடிய வேண்டும் என்ற ஒழுங்கும் அப்படியே. நாடகம் அதிகாரத்தைத் திட்டிக்கொண்டே அதைத் தன் உடம்பில் வைத்திருக்கிறது. பேனே உடம்பிலிருந்தே அதை வெட்டி எடுக்கிறார். நாடகங்களில் மன்னர்கள் எவ்வளவு இடத்தை அடைத்துக்கொண்டு நிற்கிறார்கள் என்பது இதைப் படித்த பிறகுதான் என் கண்ணில் பட்டது.

சினிமாவில் அவர் இருந்தது கொஞ்ச காலம்தான், 1968 முதல் 1973 வரை. அதற்கு முன் இத்தாலிய இயக்குநர் பசோலினியின் ‘ஈடிபஸ் ராஜா’ படத்தில் கிரேயோனாக நடித்திருந்தார். சொந்தமாக எடுத்தவற்றில் முதல் முழுநீளப் படம் ‘துருக்கியர்களின் அன்னை’, 1968 வெனிஸ் திரைப்பட விழாவில் நடுவர்களின் சிறப்புப் பரிசு பெற்றது. அதே பெயரில் அவரே 1966-ல் நாவலாக எழுதி, மேடையிலும் போட்டு, பிறகு படமாக்கினார்.

இந்தப் படத்துக்குப் பின்னால் ஒரு பழைய ரணம் இருக்கிறது. 1480-ல் ஒட்டோமான் படை சலென்தோவின் கடற்கரை நகரமான ஓத்ரான்தோவைப் பிடித்தது. மதம் மாற மறுத்ததாகச் சொல்லப்படும் எண்ணூறு பேர் வெட்டிக் கொல்லப்பட்டார்கள். அவர்களுடைய மண்டையோடுகளும் எலும்புகளும் இன்றும் அந்த ஊர்ப் பேராலயத்தில் கண்ணாடிக்குப் பின்னால் அடுக்கிவைக்கப்பட்டிருக்கின்றன. அவற்றைப் பார்த்து வளர்ந்த ஒரு சலென்தோக்காரன், தானும் அப்படி ஒரு தியாகியாகிவிட வேண்டும் என்று துடித்து, ஒவ்வொரு முறையும் தோற்பதுதான் படம். பால்கனியிலிருந்து விழுகிறான், உடம்பெல்லாம் கட்டுப் போட்டுக்கொள்கிறான், இரும்புக் கவசம் மாட்டிக்கொண்டு ஒரு பெண்ணோடு காதல் செய்யப் பார்க்கிறான், கவசம் கடகடவென்று இரைகிறது. புனித மார்கரீத்தா தலையில் ஒளிவட்டத்தோடு கட்டிலில் படுத்து சிகரெட் பிடித்தபடி பத்திரிகை புரட்டுகிறாள். மார்கரீத்தாவாக நடித்த லிதியா மான்சினெல்லி பல ஆண்டுகள் அவருடைய மேடைத் துணை.

அதில் வரும் ஒரு பேச்சு இத்தாலியில் பலருக்கு மனப்பாடம். மாதாவைக் கண்ட மூடர்கள் இருக்கிறார்கள், மாதாவைக் காணாத மூடர்கள் இருக்கிறார்கள், நான் மாதாவை ஒருபோதும் காணாத மூடன் என்று தொடங்கும். கண்டவர்கள் பறக்கிறார்கள் என்று அது நீளும். இது வெறும் வார்த்தை விளையாட்டு என்று முதலில் நினைத்தேன். பிறகுதான் தெரிந்தது, 17-ம் நூற்றாண்டில் பக்தியின் மயக்கத்தில் அந்தரத்தில் எழும்பியதாகச் சொல்லப்படும் புனிதர் ஜுசெப்பேயின் ஊரான கொபெர்தீனோ இவர் பிறந்த ஊரிலிருந்து அதிகத் தூரமில்லை. அந்தத் துறவி படிப்பில் மந்தமானவர், தன்னை மறந்தவர். பேனேவுக்கு அவர்தான் லட்சிய நடிகர். ‘நான்’ என்பது கழிந்துபோனவர், அதனால் பறந்தவர். 1983-ல் பேனே தன் சுயசரிதைக்கு ‘நான் மாதாவுக்குக் காட்சி தந்தேன்’ என்று தலைப்பு வைத்தார்.

1973-க்குப் பிறகு சினிமாவை விட்டுவிட்டார். அங்கிருந்து அவருடைய கவனம் குரலுக்குப் போனது. ஆரம்பத்தில் எனக்குக் கொஞ்சமும் பிடிபடாமல் இருந்ததும், இப்போது நான் மிகவும் நேசிப்பதும் இந்தப் பகுதிதான்.

சாதாரண மேடையில் ஒரு நடிகர் ரகசியம் பேசுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும். ஆகவே அவர் ரகசியத்தையும் கொஞ்சம் கத்தித்தான் பேச முடியும். மூச்சு, நாக்கின் ஈரம், தொண்டையின் கரகரப்பு எல்லாம் தூரத்தில் தொலைந்துவிடும். பேனே மைக்கை வாய்க்கு ஒட்டினாற்போல் வைத்தார். சத்தம் போடுவதற்காக அவர் மைக் வாங்கவில்லை. மெல்லப் பேசினாலும் அந்தக் குரல் ஆயிரம் பேருடைய காதுக்குள் ஒரே நேரத்தில் போய் உட்கார வேண்டும், அதற்காகத்தான். புத்தகத்தைக் கண்ணுக்கு மிக அருகில் கொண்டுவந்தால் எழுத்து கலங்கி, மை மட்டும் தெரியும் அல்லவா? அதே போல் சொல்லைக் காதுக்கு மிக அருகில் கொண்டுவந்தால் பொருள் கலங்கி ஒலி மட்டும் நிற்கும். இதற்கு அவர் கிரேக்கச் சொல்லான ‘ஃபோனே’ என்பதைப் பயன்படுத்தினார். குரல், ஒலி என்று பொருள். மைக்கும் ஸ்பீக்கரும் முன்பே பதிவுசெய்த குரலும் மேடையில் நிற்கும் உடம்பும் சேர்ந்த முழுமைக்கு ‘நடிக இயந்திரம்’ என்று பெயர் வைத்தார்.

கச்சேரியில் நிரவல் கேட்டவர்களுக்கு இது அவ்வளவு அந்நியமாக இருக்காது. சாகித்தியத்தின் ஒரே வரியைப் பாடகர் திரும்பத் திரும்ப எடுக்கும்போது, ஒரு கட்டத்தில் அந்த வரியின் பொருளை நாம் விட்டுவிடுவோம். சொல்லின் உடம்பை மட்டும் பிடித்துக்கொண்டு போவோம். 1970-களின் இறுதியில் ஆங்கிலக் கவிஞர் பைரனின் ‘மான்ஃபிரெட்’ கவிதையை ஜெர்மன் இசையமைப்பாளர் ஷூமானின் இசையோடு, ஆர்கெஸ்ட்ராவுக்கு முன்னால் நின்று இப்படித்தான் சொன்னார். நாடகம் அவரிடம் மெல்ல மெல்லக் கச்சேரியாகிக்கொண்டிருந்தது.

இனி வட இத்தாலியின் பொலோன்யா நகரத்துக்கு வருவோம்.

1980 ஆகஸ்ட் 2 காலையில் பொலோன்யா ரயில் நிலையத்தின் காத்திருப்பு அறையில் குண்டு வெடித்தது. விடுமுறைக் காலம், கூட்டம் நிறைந்திருந்த நேரம். 85 பேர் செத்தார்கள், இருநூறுக்கும் மேற்பட்டவர்கள் காயமடைந்தார்கள். ஓராண்டு நினைவு நாளை ஒட்டி, 1981 ஜூலை 31 இரவு நகரம் பேனேவை அழைத்தது. நகர நடுவில் இரட்டைக் கோபுரங்கள் நிற்கின்றன. ஒன்று கரிசெந்தா, சாய்ந்தது. இத்தாலியின் பழம்பெரும் கவிஞர் தாந்தே, நரகத்தைப் பாடிய தன் ‘இன்ஃபெர்னோ’விலேயே அதைச் சொல்லியிருக்கிறார். இன்னொன்று அசினெல்லி, 97 மீட்டர் உயரம். அந்த அசினெல்லி கோபுரத்தின் மேலிருந்து பேனே தாந்தேயைப் படித்தார். சக்திவாய்ந்த ஸ்பீக்கர்கள் குரலைக் கீழே தெருக்களுக்குள் இறக்கின. இசை சால்வதோரே ஷர்ரீனோவுடையது. கீழே ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் திரண்டிருந்தார்கள்.

அந்த உயரத்தில் நின்ற மனிதரைக் கீழே இருந்தவர்கள் எப்படிப் பார்த்திருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள். முகம் தெரியாது, கை அசைவு தெரியாது. இரவு வானத்தில் ஒரு புள்ளி. மன்னனைக் கழித்து, நாயகனைக் கழித்து, ஆசிரியரைக் கழித்து வந்தவர் அந்த இரவில் நடிகனின் உடம்பையும் கழித்துவிட்டார். குரல் மட்டும்தான் இருந்தது. அந்தக் குரலில், காதலால் நரகத்துக்குப் போன பிரான்செஸ்கா பேசினாள். கடலுக்கு அப்பால் போகத் துடித்த யுலிசெஸ் பேசினான்.

அன்று அவர் சொன்ன சமர்ப்பணம் ஒரே வாக்கியம். இந்த மாலையை, மரணக் காயம்பட்டவன் என்ற நிலையில் நின்று, இறந்தவர்களுக்கு அல்ல, அந்தக் கொடூரப் படுகொலையில் காயமுற்றவர்களுக்குச் சமர்ப்பிக்கிறேன் என்றார். நினைவு நாள் என்றாலே இறந்தவர்கள் பக்கம்தான் எல்லோரும் திரும்புவார்கள். உயிரோடு, கை கால் இழந்து, காது கேளாமல் கூட்டத்தில் நிற்கிறவர்களை நினைக்க அவருக்குத் தோன்றியது. திமிர் பிடித்தவர், மனித நேயமற்றவர் என்று அவரைச் சொல்கிறவர்களிடம் நான் இந்த வாக்கியத்தைத்தான் காட்டுவேன்.

திமிர் இல்லை என்று சொல்ல வரவில்லை. விமர்சகர்களோடு வாழ்நாள் முழுக்கச் சண்டை. 1980-களின் இறுதியில் வெனிஸ் பியெனாலே என்ற கலைவிழாவின் நாடகப் பிரிவுக்குத் தலைமை ஏற்றபோது, பார்வையாளர்களைக் கூப்பிடாத ஆய்வுக்கூடமாக அதை நடத்த முயன்றார். அது வழக்கில் போய் முடிந்தது. கழித்தலின் தர்க்கத்தில் அடுத்துப் பார்வையாளரையும் கழிப்பது சரியாக இருக்கலாம். அந்த இடத்தில் என்னால் அவரோடு போக முடியவில்லை. பொலோன்யாவில் அத்தனை பேர் கீழே நின்றதால்தானே அந்தக் குரலுக்கு இறங்கிப் போக ஓர் இடம் கிடைத்தது? 1994-லும் 1995-லும் மவுரீட்சியோ கொஸ்தான்சோவின் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் ‘ஒருவர் எதிர் எல்லோரும்’ என்ற வரிசையில் தனியாக உட்கார்ந்து அரங்கம் முழுவதோடும் மோதினார். இத்தாலியில் பலருக்கு அவரைத் தெரிந்தது இதன் வழியாகத்தான். சுவாரசியமாகவே இருக்கும். ஆனால் அங்கிருந்து தொடங்காதீர்கள். அதில் தெரிவது கோபம் மட்டுமே, வேலை தெரியாது.

தொடங்குவதற்கு பொலோன்யா இரவின் ஒலிப்பதிவு நல்லது. இத்தாலிய மொழி தெரியாவிட்டால் இன்னும் நல்லது, மொழிபெயர்ப்பைத் தேடாமல் முதல் ஐந்து நிமிடம் கண்ணை மூடிக் கேளுங்கள். பிறகு ‘துருக்கியர்களின் அன்னை’. கதையைக் கோத்துப் பார்க்கும் முயற்சியை முதல் முறை விட்டுவிடுங்கள். அதன் பிறகு ஹாம்லெட் படம், அதற்கு முன்னால் ஷேக்ஸ்பியரின் மூலத்தை ஒரு முறை படித்துவிடுவது அவசியம். என்ன இருந்தது என்று தெரிந்தால்தான் எது போனது என்று தெரியும்.

கடைசியாக பினோக்கியோ. இத்தாலிய எழுத்தாளர் கொல்லோடி எழுதிய அந்த மரப்பொம்மைக் கதையை அறுபதுகளின் தொடக்கத்தில் முதலில் போட்டார், பிறகு 1966-லும் 1981-லும். 1998-ல், அறுபது வயதைத் தாண்டியபின் மறுபடி போட்டார். அதற்குள் இதயத்தில் அறுவை சிகிச்சை எல்லாம் ஆகியிருந்தது. மூலக் கதையின் முடிவில் மரப்பொம்மை திருந்தி, நல்ல பையனாக, நிஜச் சிறுவனாக ஆகிவிடுகிறது. குழந்தைகள் அதைச் சந்தோஷமான முடிவாகத்தான் கேட்கிறார்கள். பேனேவுக்கு அது ஒரு சாவு. வளர்வதையே கழித்துவிட்டு, மரமாகவே இருக்க விரும்பும் ஒரு பொம்மையை அவர் நான்கு காலகட்டங்களில் நான்கு விதமாகத் தன் குரலில் வைத்துப் பார்த்தார்.

2002 மார்ச் 16 அன்று ரோமில் இறந்தார். அவருடைய சாம்பல் ஓத்ரான்தோவில் இருக்கிறது, அந்த எண்ணூறு பேரின் ஊரில்.